உம்மா தந்த சீனிச் சம்பல் விமான நிலையத்தில் குப்பைக்குப் போகலாமா?

கட்டாருக்கோ சவூதிக்கோ வேலைக்குத் திரும்பும் பிள்ளைக்காக, உம்மா முதல் நாள் இரவே வெங்காயம் வதக்கி, சீனிச் சம்பல் செய்து போத்தலில் அடைத்துக் கொடுப்பார். பிள்ளை அதைக் கைப்பையில் பத்திரமாக வைத்துக்கொள்வார். பாதுகாப்புச் சோதனையில் அந்தப் போத்தல் வெளியே எடுக்கப்படும். "இது சாப்பாடுதானே, தண்ணீர் இல்லையே" என்று சொல்லிப் பயனில்லை. எம்மவர் பலர் இந்த அனுபவத்தைக் கண்டவர்களே.

காரணம் என்ன? திரவ வெடிபொருட்களால் விமானங்களைத் தகர்க்கும் சதி 2006 ஆகஸ்ட்டில் லண்டனில் முறியடிக்கப்பட்டது. அதன் பின்னரே 100 மில்லிலீற்றர் விதி உலகெங்கும் பரவியது. இந்த விதியில் பசை போன்றவையும் திரவமாகவே கணிக்கப்படும். பாணில் பூசக்கூடியது எதுவோ அது திரவம் என்று நினைவில் வைத்தால் போதும். ஜாம், கச்சான் பட்டர், பூசக்கூடிய மென்மையான சீஸ், தேன், கித்துள் பாணி, சம்பல் எல்லாம் இதில் அடங்கும். கணக்கில் எடுக்கப்படுவது போத்தலின் கொள்ளளவே. 400 கிராம் போத்தலில் இரண்டு கரண்டி ஜாம் மிஞ்சியிருந்தாலும் அனுமதியில்லை.

புதிய ஸ்கேனர்கள் உள்ள சில விமான நிலையங்கள் விதியைத் தளர்த்தியுள்ளன. ஆனால் வழியில் விமானம் மாறும் இடத்தில் மீண்டும் சோதனை நடக்கலாம்.

எனவே இவற்றை விமானத்தின் அடியில் ஏற்றும் பெட்டியில் வைப்பதே சரி. அங்கு 100 மில்லிலீற்றர் வரையறை இல்லை. ஆனால் கசிவு ஏற்படலாம். பறக்கும்போது விமானத்தினுள் காற்றழுத்தம் 6,000 முதல் 8,000 அடி உயர மலையில் இருப்பது போலக் குறையும். நுவரெலியாவே சுமார் 6,000 அடிதான். போத்தலுக்குள் அடைபட்ட காற்று விரிந்து எண்ணெயை வெளியே தள்ளும்.

இதைத் தவிர்க்க, சம்பலை நன்றாக ஆறவிட்டு, கண்ணாடிப் போத்தலுக்குப் பதில் தடித்த பிளாஸ்டிக் போத்தலில் போடுங்கள். விளிம்புவரை நிரப்பாதீர்கள். வாயில் பொலித்தீன் விரித்து மூடியை இறுக்கி, டேப் சுற்றி, இரண்டு பைகளில் இட்டு, உடுப்புகளுக்கு நடுவே வையுங்கள்.

சென்றடையும் நாட்டின் சட்டத்தையும் பாருங்கள். ஐரோப்பிய ஒன்றிய நாடுகளுக்கு இங்கிருந்து இறைச்சி, பால் உணவுகளைப் பொதுவாகக் கொண்டு செல்ல முடியாது. அவுஸ்திரேலியாவில் உணவுப் பொருட்களைக் கட்டாயம் அறிவிக்க வேண்டும்.

அடுத்த முறை வீட்டில் பெட்டி கட்டும்போதே இதைச் சொல்லிவிடுங்கள். உம்மாவின் ஓர் இரவு உழைப்பு உரிய இடத்துக்குப் போய்ச் சேரட்டும்.