எழுத்தறிவும் திரையும்

பழனி மலைத்தொடரின் மேற்பகுதியில், கொடைக்கானலிலிருந்து பூம்பாறை, மன்னவனூர் வழியாகச் செல்லும் சாலையில் அமைந்த சிற்றூர் பூண்டி. வெள்ளைப்பூண்டும் உருளைக்கிழங்கும் காரட்டும் அங்கு மிகுதியாக விளைகின்றன. இத்தகைய மலையூர்ச் சிறார்க்கு எழுத்தறிவு எவ்வாறு சென்று சேரும் என்பது எண்ணிப் பார்க்கத்தக்கதாகும்.

கல்விக்கருவிகள் காலந்தோறும் மாறி வந்துள்ளன. பண்டைத் திண்ணைப் பள்ளிகளில் பிள்ளைகள் மணலில் விரலால் எழுதினர். எழுதும்போதே எழுத்தை வாய்விட்டு ஒலித்தனர். முன்னரே கற்ற மாணவன் பின்னர் வந்தவனுக்குக் கற்பித்தான். சென்னையில் இம்முறைகளைக் கண்ட ஆண்ட்ரூ பெல் என்பார், 1797ஆம் ஆண்டில் இவை பற்றி ஒரு நூல் வெளியிட்டார். அதன் வாயிலாக இவை இங்கிலாந்து நாட்டிலும் பரவின. மணலுக்குப் பின் ஓலையும், அதன்பின் பலகையும், அச்சிட்ட நூலும் வந்தன. இன்று திரை வந்துள்ளது.

தமிழ்நாட்டுப் பாடநூல்களில் 2018ஆம் ஆண்டு முதல் விரைவுக் குறியீடுகள் அச்சிடப்பெற்றன. திறன்பேசியைக் காட்டினால் அக்குறியீடு பாடத்திற்குரிய படங்களையும் ஒலியையும் கொணரும். 2019ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில் கல்வித் தொலைக்காட்சி தொடங்கப்பெற்றது. அடுத்த ஆண்டே கொரோனா நோய்த்தொற்றினால் பள்ளிகள் மூடப்பட்டன. முதல் வகுப்பிலிருந்து எட்டாம் வகுப்பு வரை பயின்றோர்க்கு அவை 2021 நவம்பர் முதல் நாளன்றுதான் மீண்டும் திறக்கப்பெற்றன. அந்நெடுங்காலத்தில் திரையே பலருக்கு ஆசிரியராயிற்று.

ஆயினும், அலைபேசியின் அலை எட்டாத மலைச்சரிவில் திரை என்ன செய்யும்? வீட்டிற்கு ஒரே கருவி இருந்து, அதனைத் தந்தை கழனிக்கு எடுத்துச் செல்வாராயின், பிள்ளைக்குப் பாடம் எங்கிருந்து வரும்? மேலும், திரை ‘வாழை’ என்று செம்மையாக ஒலிக்கும். அதனைக் கேட்ட சிறுவன் ‘வாளை’ என்று சொன்னால், மரம் மீனாகிவிடும். தொலைக்காட்சிப் பெட்டி அப்பிழையைக் கேளாது. அருகிலிருக்கும் ஆசிரியரே கேட்டுத் திருத்துவார். இக்குறையை நிரப்பும்பொருட்டே 2021 அக்டோபர் 27ஆம் நாள் ‘இல்லம் தேடிக் கல்வி’ தொடங்கப்பெற்றது. தன்னார்வலர் மாலைப்பொழுதில் சிறாரை அருகில் அமர்த்திக் கற்பித்தனர். மூத்தோன் இளையோனுக்குக் கற்பித்த பழைய முறையை இஃது ஒருவாறு நினைவூட்டுகின்றது அன்றோ!

எனினும் திரையைப் பழிப்பது அறிவுடைமை ஆகாது. தொலைவிலுள்ள நூலகத்தையும் அது மலையூருக்குக் கொண்டுவர வல்லது. ஆனால் அதில் வருவன எல்லாம் மெய்யல்ல. ஆதலின், எழுத்தைக் கூட்டிப் படித்தல் மட்டும் இக்காலத்தில் எழுத்தறிவு ஆகாது. இதனை எழுதியவர் யார், எப்பொழுது எழுதினார், சான்று உண்டா என்று ஆராய்ந்து படித்தலும் எழுத்தறிவின் பகுதியேயாகும்.

கருவி எதுவாயினும், கண் காண, வாய் ஒலிக்க, கை எழுத, உள்ளம் ஆராயக் கற்பதே கல்வியாம். அத்தகைய கல்வி நகரத்துப் பிள்ளைக்குக் கிட்டுவதுபோலவே பூண்டியிலுள்ள பிள்ளைக்கும் கிட்டுதல் வேண்டும்.