கைப்பேசியின் உயிரும் நினைவும்

‘கைப்பேசி செத்துவிட்டது’ என்னும் பேச்சைச் சுங்கைப்பட்டாணிக் கடைத்தெருவிலும் பீடோங் தோட்டப்புறத்திலும் கேட்கலாம். அப்பேச்சு இருவேறு செய்திகளை ஒன்றாக்கிவிடுகிறது. கருவி மீண்டும் எழுவது ஒன்று; அதனுள் இருந்த படங்களும் பாடங்களும் மீள்வது மற்றொன்று. 2020 மார்ச்சு 18-இல் நடமாட்டக் கட்டுப்பாடு வந்தபின், கைப்பேசியே வகுப்பறையாகிய தோட்ட வீடுகளுக்கு இவ்வேறுபாடு எளிதில் விளங்கும்.

கைப்பேசி விழிப்பது படிப்படியாக நிகழ்வது. செயலிச் சில்லு உருவாகும்போதே அதனுள் சிறு கட்டளைத் தொகுதி ஒன்று பதிக்கப்படுகிறது. அதனைப் பின்னர் எவரும் திருத்தவியலாது. கூலிம் தொழிற்பூங்காவின் சில்லு ஆலைகளில் பணிபுரிவோர்க்கு இஃது எளிதில் புலப்படும். இத்தொகுதி, நினைவகத்தில் உள்ள தொடக்கியை ஒப்பம் பார்த்து எழுப்பும். தொடக்கி, தொடக்கக் கோப்பை எழுப்பும். ஆண்ட்ராய்டு என்னும் ஆங்கிலப் பெயரின் ஏழெழுத்தும் ஒரு வியப்புக்குறியுமாக எட்டுக் குறிகள் அக்கோப்பின் தலையில் நிற்பது ஒரு சுவையான செய்தி. இவ்வாறு கருவியோடு வரும் அடிப்படைக் கட்டளைகளையே நிலைப்பொருள் என்பர்.

நிறுவனச் சின்னம் தோன்றித் தோன்றி மறைந்தால் முதற்படிகள் நலமே, பிற்படியில்தான் பழுது. திரை இருண்டே கிடப்பினும், கணினியோடு இணைத்தவுடன் குவால்காம் சில்லுக் கருவி ‘9008’ என்னும் எண்ணோடு தோன்றுமாயின் சில்லினுள் பதிந்த தொகுதி உயிரோடிருக்கிறது. எதுவுமே தோன்றாவிடில் மின்கலத்தையும் பற்றவைப்பையும் ஐயுறல் வேண்டும். நெடுநேரம் மின்னேற்றி, மின்விசையையும் ஒலிகுறைக்கும் விசையையும் சேர்த்துச் சில நொடிகள் அழுத்திப் பார்ப்பது எல்லாவற்றிற்கும் முன் செய்யத்தக்கது. கடைக்குப் போகாமலே எழுந்த கருவிகள் பல.

கோப்பைத் தேர்வதிலேதான் இழப்பு நேர்கிறது. சாம்சங் நிலைப்பொருள் தொகுதியில் ‘சி.எஸ்.சி.’ என்றும் ‘ஹோம் சி.எஸ்.சி.’ என்றும் இரு கோப்புகள் உண்டு. முன்னது உள்ளிருப்பதைத் துடைத்துவிடும், பின்னது காக்கும். பழுது பார்ப்பவரிடம், எதனை ஏற்றப்போகிறார் என்று முன்னரே கேட்டுவிடுதல் நன்று. தொடக்கியின் பூட்டைத் திறப்பதும் பொதுவாக அனைத்தையும் அழிக்கும்.

பழைய பதிப்பை ஏற்றுவதும் இடர். 2018-இல் சியோமியின் ரெட்மி நோட் 5 ப்ரோவில் பின்னோக்கிச் சென்றோர் பலரின் கருவிகள் எழாமலே கிடந்தன. பதிப்பின் எண் குறைவதைத் தொடக்கி ஏற்காமையே காரணம்.

‘நினைவகச் சில்லைப் பெயர்த்தால் படம் கிடைக்குமே’ என்பது பழைய நம்பிக்கை. 2019-இல் வந்த ஆண்ட்ராய்டு 10 முதல், அப்பதிப்போடும் அதற்குப் பிந்தியவற்றோடும் வெளிவரும் கைப்பேசிகளில் உள்ளிருப்பவை மறையாக்கப்பட்டே கிடக்கின்றன. அச்சில்லை மட்டும் வேறு பலகையில் பொருத்தினால் படிக்கவியலாத குறிகளே கிட்டும். திறவுகோல் பழைய செயலியோடு பிணைக்கப்பட்டிருக்கிறது.