குழாயை மூடினாலும் சேறு மறப்பதில்லை

டென்மார்க்கில் எந்தப் பட்டினத்தில் எமக்கு வீடு தந்தாலும், கிட்டடியில் ஒரு ஏரியோ, ஆறோ, ‘பியோர்ட்’ என்று இவர்கள் சொல்லும் கடல்நீரேரியோ இருக்கும். வெய்யில் காலம் தொடங்கியதும் எமது குடும்பங்கள் அங்கேதான். பிள்ளைகள் தண்ணீரில் இறங்குவார்கள். ஆண்கள் தூண்டிலோடு நிற்பார்கள். பெண்கள் கரையில் பாயை விரித்துச் சோற்றுப் பார்சலை அவிழ்ப்பார்கள்.

ஆனால் சில இடங்களில் ‘பேத்னிங் ஃபோபுட்’ என்று பலகை நட்டிருக்கும். குளிக்கத் தடை என்பது அதன் பொருள். ஏரித் தண்ணீர் பச்சை வர்ணம் கரைத்ததுபோலக் கிடக்கும். கோடை முடிகிற நேரத்தில் தொலைக்காட்சியில் ‘இல்ட்ஸ்வின்’ என்ற சொல் அடிக்கடி அடிபடும். தண்ணீரில் ஒட்சிசன் அற்றுப்போவதைத்தான் அப்படிச் சொல்கிறார்கள்.

“இந்த நாட்டில் மலசலகூடத் தண்ணீரைக்கூடச் சுத்திகரித்துத்தானே விடுகிறார்கள். பிறகேன் ஏரி இப்படிக் கிடக்கிறது?” புதிதாக வந்த பலர் எங்களிடம் இப்படிக் கேட்டிருக்கிறார்கள். நியாயமான கேள்வி. அதற்குரிய பதிலில் பாதி தண்ணீருக்குள் இல்லை. தண்ணீருக்கு அடியிலுள்ள சேற்றில் இருக்கிறது.

ஊர்க் குளமும் இந்த ஏரியும்

ஊரில் கோடையில் குளம் வற்றியதும் அடியில் உள்ள வண்டலை வெட்டி வண்டிலில் ஏற்றி வயலுக்கும் தோட்டத்துக்கும் போடுவார்கள். அது நல்ல பசளை என்பது எமது பெரியவர்களுக்குத் தெரியும். மாரி வெள்ளம் அள்ளிவந்த இலைகுழை, மாட்டுச்சாணம், மேல்மண் எல்லாம் குளத்தின் அடியில்தான் போய்ப் படியும். வெள்ளம் எதைக் கொண்டுவருகிறதோ அதையே குளம் சேர்த்துவைக்கும்.

இங்கும் அதே கதைதான். வந்து சேர்ந்த பொருட்கள்தான் வேறு. பட்டினக் கழிவுநீர், சவர்க்காரத் தூள், வயலுக்கு இட்ட உரம், பன்றிப் பண்ணைக் கழிவு, தொழிற்சாலை இரசாயனம், கப்பலுக்குப் பூசிய நச்சுப் பூச்சு எல்லாம் பல பத்து வருடங்களாக இங்கே அடியில் இறங்கியிருக்கின்றன.

நஞ்சுகள் எல்லாம் தண்ணீரில் கரைந்து கடலோடு போய்விடுவதில்லை. பாரமான உலோகங்களும் எண்ணெய்த்தன்மையான இரசாயனங்களும் தண்ணீரோடு இருப்பதைவிட நுண்ணிய களித்துணிக்கைகளிலும் மக்கிய குப்பையிலும் ஒட்டிக்கொள்ளவே விரும்புகின்றன. அந்தத் துணிக்கைகள் தண்ணீர் ஓட்டம் குறைந்த இடத்தில் மெல்ல அடியில் படியும். அதனால்தான் மணற்பாங்கான திறந்த கடற்கரையில் நஞ்சு குறைவாகவும், துறைமுகத்திலும் ஆழமான பள்ளங்களிலும் கூடுதலாகவும் இருக்கும். மேலே தண்ணீர் தெளிவாகத் தெரிந்தாலும் கீழே சேறு நிறைந்திருக்கலாம்.

படிந்தது படிந்தபடியே கிடந்தால் பிரச்சினை குறைவு. ஆனால் புழு கிளறும், காற்று கலக்கும், படகின் விசிறி கிண்டும், தூர் வாரும் யந்திரம் புரட்டும். எல்லாவற்றையும்விடப் பெரிய காரணம் ஒட்சிசன் குறைவது. அது நடந்தால் எவரும் தொடாமலே சேறு தான் பிடித்து வைத்திருந்ததைக் கைவிட்டுவிடும்.

சோபிகோர் ஏரி சொல்லும் பாடம்

ஓகூஸ் நகருக்கு மேற்கே ஹமல் என்றொரு சிறு பட்டினம். அதன் அருகே சோபிகோர் ஏரி இருக்கிறது. சராசரி ஆழம் ஒரு மீற்றர் அளவுதான். பல வருடங்களாக ஹமலின் கழிவுநீர் அரைகுறையாகச் சுத்திகரிக்கப்பட்டு இதற்குள் போனது. 1982 இல் கழிவுநீரிலிருந்து பொசுபரசை நீக்கத் தொடங்கினார்கள். ஏரிக்கு வந்த பொசுபரசு 80 வீதத்துக்கும் மேல் குறைந்தது.

ஏரி தெளியும் என்றுதான் எல்லோரும் எதிர்பார்த்திருப்பார்கள். தெளியவில்லை. பொசுபரசு என்பது பாசிக்குச் சாப்பாடு. விஞ்ஞானிகள் வருடக்கணக்காக இந்த ஏரியை அளந்து பார்த்தார்கள். உள்ளே வருவதைவிட வெளியே போகும் பொசுபரசுதான் கூடுதலாக இருந்தது. அது எங்கிருந்து வந்தது? அடிச் சேற்றிலிருந்து. மேற்பரப்புச் சேறு மட்டுமல்ல, 20 சென்ரிமீற்றர் ஆழம் வரையுள்ள சேறும் பழைய சேமிப்பை வெளியே விட்டுக்கொண்டிருந்தது. எட்டு வருட அளவீடுகளை 1993 இல் வெளியிட்டபோதும் அந்தக் கணக்கு முடிந்திருக்கவில்லை.

இது எப்படி நடக்கிறது என்பதை எமது பத்தாம் வகுப்பு விஞ்ஞானத்தை வைத்தே விளங்கிக்கொள்ளலாம். இரும்பு துருப்பிடிக்க ஒட்சிசன் வேண்டும். சேற்றிலும் இரும்பு உண்டு. ஒட்சிசன் இருக்கும்வரை அது துருவாக இருந்து பொசுபரசை இறுகப் பிடித்துக்கொள்ளும். வெக்கையான நாட்களில் பற்றீரியாக்கள் மக்கிய குப்பையைத் தின்று ஒட்சிசனை முடித்துவிடும். அப்போது துரு கரையும், பிடி விடும், பொசுபரசு மேலே வரும். அதைத் தின்று பாசி பெருகும். பாசி செத்து அடியில் விழும். அதை மக்கச் செய்ய இன்னும் ஒட்சிசன் செலவாகும். ஆழமில்லாத ஏரியில் இன்னொன்றும் சேரும்: பாசி பெருகும்போது தண்ணீர் காரத்தன்மை அடையும், அதுவும் இரும்பின் பிடியைத் தளர்த்தும்.

பயணத்துக்காக வட்டிக்குக் கடன்பட்டு வந்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. புதிதாகக் கடன் வாங்குவதை நிறுத்திவிட்டால் மட்டும் பழைய கடன் தீர்ந்துவிடாது.

மரியாயர் பியோர்ட், 1997 ஆவணி

கடலிலும் இதே சங்கதி நடக்கிறது. 1986 ஒக்ரோபரில் கில்லலாய மீனவர்கள் கற்றகற் கடலில் செத்த சிங்க இறால்களை வலையில் அள்ளினார்கள். தொலைக்காட்சியில் அதைப் பார்த்த நாடே அதிர்ந்தது. அடுத்த வருடம், 1987 இல், பாராளுமன்றம் முதலாவது நீர்ச்சூழல் திட்டத்தைக் கொண்டுவந்தது. நீரில் சேரும் நைதரசனைப் பாதியாகவும் பொசுபரசை 80 வீதத்தாலும் குறைப்பது இலக்கு. கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையங்கள் பெருகின. பொசுபரசு விரைவாகவே குறைந்தது. வயல்களிலிருந்து வரும் நைதரசன் சுணங்கியது. இந்நாட்டு நிலத்தில் ஏறக்குறைய 60 வீதம் விவசாய நிலம் என்பதை நினைத்தால் காரணம் விளங்கும்.

திட்டம் வந்து பத்து வருடத்தில், 1997 ஓகஸ்ட் மாதத்தில், மரியாயர் பியோர்ட் செத்தது. யூலண்டின் கிழக்குக் கரையில் ஏறக்குறைய 35 கிலோமீற்றர் நீளமுள்ள கடல்நீரேரி அது. உட்பகுதி 30 மீற்றர் வரை ஆழம். வாய்ப்பகுதியோ ஒடுக்கம், ஆழமும் இல்லை. ஆகவே உள்ளே இருக்கும் அடித்தண்ணீர் இலகுவில் மாறாது. அந்த ஓகஸ்டில் கடும் வெக்கை, காற்றும் இல்லை. பாசி செத்து அடியில் குவிந்தது. ஒட்சிசன் முடிந்ததும் சேற்றிலுள்ள வேறு பற்றீரியாக்கள் வேலையைத் தொடங்கின. அவை விடுவது ஐதரசன் சல்பைட்டு. கூழ்முட்டை மணம் தருகிற அதே வாயு, உயிர்களுக்கு நஞ்சு. மட்டிகள் செத்தன, மீன்கள் செத்தன. உட்பகுதியில் அடிமுதல் மேற்பரப்புவரை உயிரினங்கள் அழிந்தன. ஹோப்ரோ, மரியாயர் பட்டினங்களில் நாற்றம் வீசியது.

இது பழங்கதை என்று எண்ண வேண்டாம். எம்மவர்கள் பலர் வாழும் வைல நகரத்தில், 2024 ஏப்பிரலில், மக்கள் கூடி வைல பியோர்ட்டுக்கு அடையாளமாக மரணச்சடங்கு நடத்தினார்கள்.

பொசுபரசு நஞ்சல்ல, இரசம் நஞ்சு

இதுவரை சொன்னவை அளவு மீறினால் கெடுக்கும் போசணைப் பொருட்கள். சேற்றில் உண்மையான நஞ்சுகளும் உண்டு. அவற்றில் முக்கியமானது இரசம். ஒட்சிசன் இல்லாத சேற்றில் வாழும் பற்றீரியாக்கள் இரசத்தை மெதயில் இரசமாக மாற்றுகின்றன. அது மீனின் தசையில் தங்கும். சிறு மீனைப் பெரிய மீன் தின்னும்போது பெரிய மீனில் கூடும். அதை நாம் தின்கிறோம்.

யப்பானின் மினமாற்றாவில் ஓர் இரசாயனத் தொழிற்சாலை இரசம் கலந்த கழிவைக் கடலுக்குள் விட்டது. 1956 இல் அங்கு மர்மமான நரம்பு நோய் இருப்பது உத்தியோகபூர்வமாக அறிவிக்கப்பட்டது. வயிற்றிலிருந்த பிள்ளைகளும் பாதிக்கப்பட்டனர். கழிவு நின்றது 1968 இல். அதன்பிறகும் சேற்றில் இரசம் கிடந்தது. 1977 தொடக்கம் 1990 வரை சேற்றை அள்ளியும் மூடியும் வேலை நடந்தது. மீன் வெளியே போகாதபடி விரிகுடாவுக்குக் குறுக்கே கட்டிய வலையை 1997 இல்தான் கழற்றினார்கள். மூடியது ஒரு குழாய். அதைத் துப்புரவாக்க ஒரு தலைமுறை சென்றது.

துறைமுகங்களில் ரி.பி.ரி. என்ற இரசாயனம் இருக்கிறது. கப்பலின் அடியில் பாசியும் சிப்பியும் ஒட்டாமலிருக்கப் பூசியது அது. மிகச் சிறிய அளவிலும் பெண் கடல்நத்தைகளுக்கு ஆண் உறுப்பை வளரச் செய்து இனத்தையே பெருகவிடாமல் தடுத்தது. டென்மார்க் 1991 இல் சிறு படகுகளுக்கும், உலகம் முழுவதும் 2008 இல் எல்லாக் கப்பல்களுக்கும் இதைத் தடைசெய்தன. ஆனால் துறைமுகச் சேற்றில் அது இன்னும் இருக்கிறது.

அள்ளுவதா, விடுவதா?

“அப்படியானால் சேற்றை அள்ளி எறிந்தால் என்ன?” என்று கேட்கலாம். எறிவது எங்கே என்பதுதான் சிக்கல். 2022 தொடக்கத்தில் கொப்பன்ஹேகனில் லினெற்றஹோல்ம் என்ற செயற்கைத் தீவுக்காகத் தோண்டிய சேற்றைக் கோய விரிகுடாவில் கொட்டத் தொடங்கினார்கள். மீனவர்களும் கரையோர மக்களும் எதிர்த்தார்கள். பக்கத்து நாடான சுவீடனும் ஆட்சேபித்தது. அங்கே தொடர்ந்து கொட்டும் திட்டம் நிறுத்தப்பட்டது. கிளறும்போதே நஞ்சு தண்ணீரில் கலக்கும் என்பதால், சில இடங்களில் தொடாமல் விட்டு, புதிய சுத்தமான மண் மேலே படிய விடுவதே நல்லது.

வேறு வழிகளும் உண்டு. ஃபூன் தீவிலுள்ள சொனர்பி ஏரியில் 2001 இல் அலுமினியக் கலவையை இட்டார்கள். இரும்பைப்போலன்றி அலுமினியம் ஒட்சிசன் இல்லாதபோதும் பொசுபரசை விடாது. கொப்பன்ஹேகனுக்கு வடக்கே ஆழமான ஃபூரசோ ஏரியின் அடித்தண்ணீருக்கு 2003 தொடக்கம் ஒட்சிசன் செலுத்தினார்கள். ஓகூஸில் கெலரூப் பக்கம் இருப்பவர்களுக்கு பிராபிரான்ட் ஏரி தெரியும். அதற்கு மேலே ஆற்றோரப் புல்வெளியில் நீரைத் தேக்கி 2003 இல் ஒரு புதிய ஏரியை உருவாக்கி, ஆற்றில் வரும் நைதரசனைக் குறைத்தார்கள். எல்லாமே செலவான வேலைகள். மேலிருந்து வருவது நிற்காவிட்டால் எல்லாமே வீண்.

எமது குடும்பங்கள் கவனிக்கவேண்டியவை

முழங்கால் அளவு தண்ணீரில் இறங்கிக் குனிந்து பாருங்கள். பாதம் தெரியாவிட்டால் பிள்ளைகளைக் குளிக்க விடவேண்டாம். நீலப்பச்சைப் பாசி சில நேரம் நஞ்சை விடும். கரையில் ஒதுங்கிய பாசியைக் குழந்தைகள் வாயில் வைக்க விடாதீர்கள். சந்தேகம் இருந்தால் கொம்யூனைக் கேளுங்கள்.

தூண்டில் போடுபவர்கள் முதலில் அனுமதி அட்டை எடுக்கவேண்டும். துறைமுகத்துக்குள் பிடித்த மீனை அடிக்கடி சமைக்க வேண்டாம். மற்ற மீனைத் தின்னும் பெரிய மீன்கள், அதாவது ஏரியில் ‘கெத’, ‘அபோர’, கடையில் சூரை போன்றவை, இரசம் கூடியவை. கர்ப்பிணிகளும் பாலூட்டும் தாய்மாரும் சிறுபிள்ளைகளும் அவற்றை அளவோடுதான் உண்ணவேண்டும் என்று இந்நாட்டு உணவு அதிகாரசபை சொல்கிறது. மீனையே விட்டுவிடுங்கள் என்று அது சொல்லவில்லை. சாளை, கானாங்கெளுத்தி வகை மீன்கள் இங்கே மலிவாகவும் நல்லதாகவும் கிடைக்கின்றன.

மிச்ச மருந்தை மலசலகூடத்தில் போடாமல் அப்போதேக்கில் கொடுங்கள், வாங்கிக்கொள்வார்கள். வர்ணம், பூச்சிமருந்து, பற்றரி இவற்றைக் கொம்யூனின் கழிவு சேகரிக்கும் இடத்தில் கொடுங்கள். வீதியோர வடிகாலில் ஊற்றுவது பல இடங்களில் சுத்திகரிப்பு நிலையத்துக்குப் போகாமல் நேரே ஆற்றுக்குப் போகிறது. கார் கழுவும்போதும் இதை நினைவில் வையுங்கள்.

தொழிற்சாலைகளில் நிலம் கழுவுபவர்களில் எம்மவர்கள் நிறையப் பேர். வடிகால் வாயில் இருக்கும் வலைத்தட்டும், ‘இதற்குள் ஊற்றாதே’ என்று எழுதிய வாளியும் எங்கள் கைக்குள்தான் இருக்கின்றன. மேற்பார்வையாளர் அவசரப்படுத்தினாலும் அந்த விதியைக் காட்டிப் பேச எமக்கு உரிமை உண்டு. அந்நியன் என்று வாயை மூடவேண்டியதில்லை. அந்தத் தண்ணீரில் குளிக்கப்போவது எமது பிள்ளைகள்.

ஊருக்குப் பணம் அனுப்பிக் கிணறும் மலசலகூடமும் கட்டுவிப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக்கல் நிலம் மேலே இட்ட உரத்தையும் கழிவையும் விரைவாகக் கிணற்றுக்குள் விடும். இரண்டுக்கும் இடையில் போதிய தூரம் விடச் சொல்லுங்கள். வந்தபின் துப்புரவாக்குவது டென்மார்க் போன்ற பணக்கார நாட்டுக்கே எவ்வளவு கடினம் என்பதை நாம் இங்கே கண்ணால் காண்கிறோம். ஊரில் அதற்கு யார் காசு கொடுப்பார்கள்?