தோட்டக்காரர் வகுத்த நகரம்

பெங்களூரில் நம் அண்டை வீட்டு மாணவர் ஒருவர், கட்டடக்கலைப் பட்டம் பெற்றதும், நில எழிற்கலை பயில விழைந்தார். "தோட்டக்காரன் வேலைக்கா இத்தனை படிப்பு?" என்று தந்தையார் மனம் நொந்தார். நமக்கோ கிரும்பிகல் துரையின் நினைவு வந்தது.

1865-இல் ஜெர்மனியில் பிறந்து, இலண்டன் கியூ தோட்டத்தில் தொழில் பயின்ற அவர், 1893-இல் பரோடா மன்னரிடம் பணிக்கு வந்தார். 1908-இல் மைசூர் அரசின் அழைப்பில் லால்பாகின் பொறுப்பேற்றார். பூங்காவோடு அவர் நிற்கவில்லை. ஒரு மரம் பூத்து ஓய்கையில் மற்றொன்று பூக்குமாறு நகர வீதிகளுக்கே மரங்களை வகுத்தார். பின்வந்தோரும் அம்மரபைப் போற்றினர். மாசியில் தபெபூயா, பங்குனியில் ஜாக்கரண்டா, சித்திரையில் குல்மோகர்! இரயில் நிலையத்துக்கு நடந்தே செல்லும் நம் போன்ற குமாஸ்தாக்களுக்கு நாட்காட்டி எதற்கு?

இரு உலகப் போர்களிலும் ஜெர்மானியர் என்பதற்காக அவரைக் காவலில் வைத்தனர். ஆயினும் பிழைக்க வந்த ஊரை அவர் துறந்தாரில்லை. 1956-இல் இங்கேயே மறைந்தார்.

வீதியின் அகலம், மின்கம்பி, வேரின் போக்கு, மழைநீர் வடியும் வழி ஆகிய அனைத்தையும் கணக்கிட்டு நகரத்தை வகுப்பதே இத்தொழில். வெள்ளமும் வெயிலும் மிகுந்துவரும் நாளில் இதனை எளிதென எண்ணலாமா? டில்லியிலும் அகமதாபாத்திலும் இதற்கென முதுநிலைப் படிப்பு உண்டு.

இவற்றையெல்லாம் தந்தையாரிடம் எடுத்துரைத்தோம். மாணவர் டில்லிக்கு விண்ணப்பம் அனுப்பிவிட்டார். தந்தையார் இன்னும் வாய் திறந்தாரில்லை; ஆனால் விண்ணப்பக் கட்டணத்தைக் கட்டியவர் அவரே.