இருநூறு மைல் நடந்த ஹாலி

தொலைந்த பூனை பல நூறு மைல் நடந்து வீடு திரும்பிய கதைகளுக்குப் பஞ்சமில்லை. வந்தது அதே பூனைதானா என்று கேட்டால்தான் சிக்கல். அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்து ஹாலி விஷயத்தில் அந்தச் சந்தேகத்துக்கு இடமில்லை.

2012 நவம்பரில் வீட்டுக்காரர்களுடன் டேடோனா பீச் நகருக்கு வேனில் போன ஹாலி, அங்கே மிரண்டு ஓடிவிட்டது. தேடிச் சலித்து அவர்கள் ஊர் திரும்பினார்கள். இரண்டு மாதம் கழித்து, டிசம்பர் 31 அன்று, சொந்த ஊரான வெஸ்ட் பாம் பீச்சில் யாரோ ஒருவரின் வீட்டுக் கொல்லையில் தள்ளாடியபடி நின்றது. நடுவே சுமார் 320 கி.மீ.! தோலுக்கடியில் பொருத்தியிருந்த அரிசியளவு 'சிப்' அது ஹாலிதான் என்று காட்டிக்கொடுத்தது. எடை பாதியாகியிருந்தது, பின்னங்கால் நகங்கள் அறவே தேய்ந்திருந்தன. யார் காரிலோ ஏறி வந்த பூனைக்கு நகம் இப்படித் தேயாது.

வழி தெரிந்தது எப்படி? 1922இல் ஹெரிக் என்ற அமெரிக்க விலங்கியலாளர், தாய்ப்பூனையைக் குட்டிகளிடமிருந்து பிரித்துச் சில மைல் தள்ளி விட்டுப் பார்த்தார், திரும்பிவிட்டது. ஆனால் சில மைல் எங்கே, 200 மைல் எங்கே? கடலாமைக்குப் பூமியின் காந்தப்புலம் வழிகாட்டுகிறது. பூனைக்கு அப்படி எதுவும் நிரூபணமாகவில்லை. கடலோரமாகவே நடந்திருக்கலாம் என்பது ஓர் ஊகம். இரண்டு ஊர்களும் அட்லாண்டிக் கரையில்தான் இருக்கின்றன. இடப்பக்கம் அலைச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தால், போவது தெற்கே, வீட்டுப் பக்கம்.