பாலாற்றங்கரைத் தேநீர்

சேலம் மாவட்டம் மேட்டூரிலிருந்து கொளத்தூர் வழியாக மாதேசுவரன் மலைக்குச் செல்லும் சாலை, பாலாறு என்னும் சிற்றாற்றைக் கடந்து கர்நாடகத்தினுள் நுழைகிறது. இது வேலூர் வழியே ஓடும் பாலாறு அன்று. காவிரியில் கலக்கும் வேறோர் ஆறு. இதன் வடகரையைச் சார்ந்த கொள்ளேகால் வட்டம் 1956 வரை சென்னை மாநிலத்தின் கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது. மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது மைசூர் மாவட்டத்தோடு இணைந்தது. 1997இல் சாமராசநகர் தனி மாவட்டமானபோது அதனுடன் சென்றது. எல்லைக்கோடு இவ்வாறு இடம் மாறியதேயன்றி, அடுப்பங்கரைகள் இடம் மாறவில்லை. எனவே மார்கழி, தை மாதங்களின் பிற்பகலில் இப்பகுதிக்கு ஏற்ற தேநீரில் இரு நாட்டுச் சுவையும் கலப்பது இயல்பே.

கொங்கு நாட்டில் குளிருக்குச் சுக்குமல்லிக் காப்பி அருந்துவர். பெயரில் காப்பி இருந்தாலும் அதில் பெரும்பாலும் காப்பித்தூள் இராது! சுக்கும் கொத்தமல்லி விதையும் இடித்து, கருப்பட்டி சேர்த்து, பாலின்றிக் கொதிக்க வைப்பர். கன்னட நாட்டில் இதற்கு இணையானது கஷாயம். அதில் கொத்தமல்லியோடு சீரகமும் மிளகும் சேரும். பாலும் வெல்லமும் உண்டு. கொத்தமல்லி இரண்டிற்கும் பொது. சுக்கை இங்கிருந்தும் சீரகத்தையும் பாலையும் அங்கிருந்தும் எடுத்துக்கொண்டு, நீலகிரித் தேயிலையைச் சேர்த்தால் கலவைத் தேநீர் ஆயத்தம். நீலகிரியில் 1860களில் தேயிலை தோட்டத் தொழிலாக வளர்ந்தது. அங்கே திசம்பர் முதல் பிப்ரவரி வரை உறைபனிக் காலம். அப்போது செடி மெதுவாக வளர்வதால் இலையில் மணம் மிகும்; அக்காலத்தில் கிள்ளப்படும் இலைக்குத் தனி மதிப்பு உண்டு.

நால்வருக்குத் தேநீர் வேண்டுமெனில், இரண்டு குவளை நீரில் அரைத் தேக்கரண்டி சுக்குத்தூள், ஒரு தேக்கரண்டி இடித்த கொத்தமல்லி, கால் தேக்கரண்டி சீரகம், நான்கு மிளகு ஆகியவற்றை இட்டு ஐந்து நிமிடம் கொதிக்க விடவேண்டும். பின்னர் மூன்று தேக்கரண்டி தேயிலையும், அதனையடுத்து இரண்டு குவளை காய்ச்சிய பாலும் சேர்த்து ஒரு கொதி வந்ததும் இறக்கிவிடலாம். வெல்லத்தை அடுப்பில் இருக்கும்போது இடுதல் கூடாது. வெல்லத்தில் சிறிது புளிப்புத்தன்மை உண்டு. கொதிக்கும் பாலில் அது சேர்ந்தால் பால் திரிந்துவிடக்கூடும். ஆகவே இறக்கி வடித்தபின், பொடித்த வெல்லத்தைக் குவளையில் இட்டுக் கலக்குவதே முறை. பச்சை இஞ்சி சேர்ப்போரும் அதனை முதலில் நீரில் நன்கு கொதிக்கவிட வேண்டும். இஞ்சியில் பாலின் புரதத்தைச் சிதைக்கும் நொதி ஒன்று உள்ளது. கொதிநீரில் அது செயலிழந்துவிடும். இஞ்சியை விடச் சுக்கு காரமாக இருப்பதற்கும் காரணம் உண்டு. உலரும்போது இஞ்சியின் காரப்பொருளில் ஒரு பகுதி, அதனினும் காரமான வேறொரு பொருளாக மாறிவிடுகிறது.

தேநீருடன் உண்ணும் பண்டம் எது? முறுக்குக்குச் சக்குலியும் தட்டைக்கு நிப்பட்டும் இணையாக இருப்பினும், குளிர்காலத்திற்கே உரியது பிதுக்குப் பருப்புதான். தருமபுரி, கிருட்டினகிரிப் பகுதிகளிலும் தென் கர்நாடகத்திலும் பனிக்காலத்தில் மொச்சை காய்க்கும். அக்காயின் மணத்தைக் கன்னடத்தார் ‘சொகடு’ என்பர். கையில் ஒட்டினால் எளிதில் போகாது. காயை உரித்துப் பருப்பை நீரில் ஊறவைத்து, இரு விரலால் அழுத்தினால் தோல் நீங்கி உள்ளிருப்பது வெளியே துள்ளும். தமிழர் இதனைப் ‘பிதுக்கு’தல் என்கின்றனர், கன்னடத்தார் ‘ஹிதுகு’ என்கின்றனர். பழங்கன்னடத்தின் பகரம் இடைக்காலத்தில் ஹகரமாயிற்று. பால் ‘ஹாலு’ ஆனதும் பத்து ‘ஹத்து’ ஆனதும் அவ்வாறே. ஆயினும் பாலாறு மட்டும் அக்கரையிலும் பாலாறாகவே வழங்குகிறது.

பிதுக்கிய பருப்பைத் துணியில் பரப்பி ஈரம் போக உலர்த்தி, பெரியோர் ஒருவர் உடனிருக்க, காய்ந்த எண்ணெயில் சிறிது சிறிதாக இட்டுப் பொரிக்க வேண்டும். பருப்பிலுள்ள நீர் ஆவியாகி வெளியேறுவதால்தான் எண்ணெயில் குமிழிகள் எழுகின்றன. குமிழி அடங்கினால் நீர் வற்றிவிட்டது எனக் கொண்டு எடுக்கலாம். முன்னரே எடுத்தால் பருப்பு நமத்துப்போகும். இதனுடன் பொரித்த கறிவேப்பிலை, கொப்பரைத் துண்டுகள், உப்பு, மிளகாய்த்தூள் கலப்பர்.

காவிரி நீர்ப் பிணக்கு முற்றும் காலங்களில் இரு மாநிலப் பேருந்துகளும் எல்லையோடு நின்றுவிடுவதுண்டு. மைசூரில் வாழும் தமிழ்க் குடும்பங்களும் அந்நாட்களில் தெருவில் தாழ்ந்த குரலில் பேசக்கூடும். ஆனால் தைமுதல் நாளன்று கன்னட வீட்டார் எள், வெல்லம், நிலக்கடலை, கொப்பரை, பொட்டுக்கடலை கலந்த ‘எள்ளு பெல்ல’த்தை அண்டை வீடுகளுக்குக் கொண்டுவந்து கொடுப்பர், இதை உண்டு நல்ல சொல் பேசுங்கள் என்று கூறிக் கொடுப்பது அவர்தம் வழக்கம். தமிழ் வீட்டார் அத்தட்டை வெறுமையாகத் திருப்புவதில்லை. பொங்கலோ பிதுக்குப் பருப்போ அதில் செல்லும். வந்தவரை அமர்த்தி ஒரு குவளை தேநீர் தருவதும் உண்டு.

பருப்பைக் காற்றுப் புகாத கலத்தில் இட்டுவைத்தால் சில நாள் மொறுமொறுப்புக் குன்றாமல் இருக்கும். குழந்தைகள் உள்ள வீட்டில் அது மறுநாள்வரை மிஞ்சுவது அரிது.