காலே அரைக்காலில் மும்மா போனால்

1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடும் கல்குளமும் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தன. நெய்யாற்றின்கரைத் தாலுகா கேரளத்திலேயே நின்றுவிட்டது. அதனால் பாறசாலைப் பக்கத்துத் தமிழ்ப் பிள்ளைகள் பலர் மலையாளத்தில்தான் கணக்குப் படிக்கிறார்கள். பின்னத்தின் மேல் எண் அங்கே அம்சம், கீழ் எண் சேதம். நமக்குச் சேதம் என்றால் நஷ்டம்! அந்தச் சொல்லை நான் குறை சொல்வதில்லை. கீழ் எண்ணைக் கவனியாதவனுக்கு நஷ்டம்தானே.

என் கடைக்கு வாடிக்கையாக வரும் ஓர் ஆச்சி ஒருநாள் பழைய குறிப்பேடு ஒன்றைக் கொண்டுவந்தார். குடும்பத்துத் தோப்பு 40 சென்ட். அவர் பங்கு காலே அரைக்கால். மகள் கல்யாணத்துக்காக மொத்தத் தோப்பில் மும்மா விற்றிருக்கிறார். "மிச்சம் ஒண்ணும் பெரிசா இல்லைன்னு வாங்கினவங்க சொல்றாங்க, அண்ணாச்சி" என்றார். காலே அரைக்கால் என்பது 3/8, மும்மா என்பது 3/20 என்று நான் சொல்ல, கூட வந்த பேரன் சட்டென்று எழுதினான்: மேலே மூன்றில் மூன்று போனால் 0, கீழே 12. "ஆச்சி, ஒண்ணுமே இல்லை!" ஆச்சிக்கு முகம் வெளுத்துவிட்டது.

பையனிடம் கேட்டேன்: மூன்று தேங்காயில் மூன்று மாங்காய் போனால் என்ன மிச்சம்? சிரித்தான். அதே கதைதான் இது. 40 சென்ட்டை எட்டாகப் போட்டால் ஒரு துண்டு 5 சென்ட். இருபதாகப் போட்டால் 2 சென்ட். மூன்று ஐந்து 15, மூன்று இரண்டு 6. கழித்தால் ஆச்சிக்கு 9 சென்ட்.

தோப்பின் அளவே தெரியாவிட்டாலும் வழி உண்டு. இரண்டு பின்னங்களையும் ஒரே அளவுத் துண்டாக்க வேண்டும். 8, 20 இரண்டாலும் மீதியின்றி வகுபடும் மிகச் சிறிய எண் 40. 3/8ஐ மேலும் கீழும் ஐந்தால் பெருக்கினால் 15/40. 3/20ஐ இரண்டால் பெருக்கினால் 6/40. மிச்சம் 9/40. கீழ் எண்ணை மட்டும் பெருக்கி மேல் எண்ணை மறந்துவிடுவதுதான் பிள்ளைகள் செய்யும் அடுத்த தப்பு. துண்டு சிறுத்தால் எண்ணிக்கை கூட வேண்டாமா? 40 தோன்றாவிட்டால் எட்டையும் இருபதையும் பெருக்கி 160 வைத்துக்கொள்ளலாம். 60/160இல் 24/160 போக 36/160. நான்கால் சுருக்கினால் அதே 9/40.

நம் முன்னோருக்கு இந்தத் தேடலே பெரும்பாலும் தேவைப்படவில்லை. அரைக்கால், வீசம் (1/16) எல்லாம் பாதி பாதியாய்ப் போகும் வரிசை. மா 1/20, அரைமா 1/40, காணி 1/80 இன்னொரு வரிசை. பதினாறுக்கும் இருபதுக்கும் பொதுவான மிகச் சிறிய எண் 80, அதுவே காணி! அதையும் நாலாக்கினால் முந்திரி, 1/320. (தின்னும் முந்திரி அல்ல.) எல்லாவற்றையும் முந்திரியாக்கிவிட்டால் வெறும் கழித்தல்தான். காலே அரைக்கால் 120 முந்திரி, மும்மா 48. மிச்சம் 72. பதினாறு முந்திரி ஒரு மா, ஆகவே நாலரை மா. திண்ணைப் பள்ளிப் பிள்ளைகள் எண்சுவடியை மனப்பாடம் செய்தது இதற்குத்தான். மலையாளத்திலும் மா, காணி, முந்திரி எல்லாம் உண்டு. தமிழின் பின்னக் குறிகள் 2019இல்தான் கணினியின் யூனிகோடு தரத்தில் ஏறின.

ஆனால் 320 மூன்றால் வகுபடாது. அரையில் மூன்றிலொரு பங்கு போனால் என்ன என்பதற்கு முந்திரி உதவாது. ஆறாகத்தான் வெட்ட வேண்டும், 3/6இல் 2/6 போக 1/6. எந்தப் பின்னத்துக்கும் செல்லும் இந்தப் பொது வழியை, மீச்சிறு பொது மடங்கை, 'நிருத்தம்' என்று பெயரிட்டுச் சொன்னவர் ஒன்பதாம் நூற்றாண்டுச் சமணக் கணிதர் மகாவீராசாரியர். இராட்டிரகூட மன்னன் அமோகவர்ஷன் காலத்தவர். அவருடைய 'கணிதசாரசங்கிரகம்' 1912இல் ரங்காசாரியரின் ஆங்கில மொழிபெயர்ப்போடு சென்னையில் அச்சானது. சமணன் என்பதால் நான் பெருமை பேசுகிறேன் என்று நினைக்க வேண்டாம். புத்தகத்தைப் புரட்டிப் பாருங்கள்.

ஆச்சியின் மகன் மறுவாரம் சர்வேயரை அழைத்து வந்து, நாலரை மாவுக்குக் கல் நட்டார். உள்ளே ஆறு தென்னை இருந்தது.